அலமாரியிலேயே ஆயுள் முடியும் காலணிகள்

சென்ற ஜூன் மாதம் நாங்கள் ஏழு பேர் ஜோகூரில் இருக்கும் குனோங் லேடாங் மலைக்குச் சென்றிருந்தோம். 1,276 மீட்டர் உயரம். நண்பகலில் உச்சியைத் தொட்டோம். இறங்கும்போது மழை பிடித்துக்கொண்டது. கயிற்றைப் பிடித்தபடி இறங்க வேண்டிய ஒரு பாறைச் சரிவில் என் வலது காலணியின் அடிப்பாகம் முன்பக்கமாகப் பிளந்து, முதலை வாயைப் போலத் திறந்துகொண்டது. நான் வழுக்கினேன். என்னைப் பிடிக்க வந்த தோழியின் மணிக்கட்டு சுளுக்கிக்கொண்டது. அடுத்த பத்து நிமிடத்தில் இடது காலணியும் அதே கதிக்கு ஆளானது.

எங்களுடன் வந்த வழிகாட்டி பதறவில்லை. தன் பையிலிருந்து பிளாஸ்டிக் கட்டுப்பட்டைகளை எடுத்து, காலணியோடு அடிப்பாகத்தைச் சுற்றி இறுக்கிக் கட்டினார். அவர் அவற்றை எப்போதும் கையோடு வைத்திருப்பாராம். இப்படி யாருக்காவது அடிக்கடி நடக்கிறது என்று சிரித்துக்கொண்டே சொன்னார். கட்டுப்போட்ட காலணிகளோடு நானும், கட்டுப்போட்ட கையோடு தோழியும் இருட்டும் நேரத்தில்தான் அடிவாரம் வந்து சேர்ந்தோம்.

அந்தக் காலணிகள் பார்ப்பதற்குப் புதியவை. உயர்நிலை நான்கில் படித்தபோது 160 வெள்ளி கொடுத்து வாங்கியவை. நான்கு ஆண்டுகளில் அவற்றை நான் அணிந்தது ஆறே முறை. மற்ற நாள்களில் அவை அட்டைப்பெட்டிக்குள், அதற்கு மேல் ஒரு பிளாஸ்டிக் பையோடு, வீட்டில் பத்திரமாக இருந்தன. கணக்குப் போட்டுப் பார்த்தால் ஒரு நடைக்கு ஏறக்குறைய 27 வெள்ளி. தரமில்லாத பொருளைத் தலையில் கட்டிவிட்டார்கள் என்றுதான் முதலில் கோபப்பட்டேன்.

ஊர் திரும்பியதும், எங்கள் வட்டார ரயில் நிலையத்துக்கு அருகே காலணி பழுதுபார்க்கும் முதியவரிடம் அவற்றைக் கொண்டுபோனேன். அவர் பிளந்த இடத்தைப் பார்த்த உடனேயே, "வெகுநாள் பெட்டியில் வைத்திருந்தாயா?" என்று கேட்டார். பிறகு கட்டைவிரலால் நடு அடுக்கை அழுத்திக் காட்டினார். நாள்பட்ட கேக்கைப் போல அது பொலபொலவென்று உதிர்ந்தது. மேல்தோலில் ஒரு கீறல்கூட இல்லை. தையல்கள் அப்படியே இருந்தன. நடந்து தேய்ந்த காலணியாக அது இல்லை. நடக்காமல் இருந்தே கெட்டுப்போன காலணி.

முகாம், மலையேற்றம், நெடுநடை என்று நாம் வாங்கும் பொருள்களில் பல இப்படித்தான் முடிகின்றன. அவற்றை மலையும் காடும் தேய்ப்பதைவிட, நம் வீட்டு அலமாரி அதிகமாக அழிக்கிறது. அதைத் தடுப்பதற்குப் பெரிய செலவு தேவையில்லை. இருந்தும் பள்ளியிலோ கல்லூரியிலோ யாரும் நமக்கு அதைச் சொல்லித் தருவதில்லை. இந்தக் கட்டுரையை எழுதுவதற்குக் காரணம் அந்தக் குறைதான்.

ஈரம் செய்யும் வேலை

மலையேற்றக் காலணிகள் பலவற்றில், காலுக்கும் அடி ரப்பருக்கும் இடையே உள்ள நுரை அடுக்கு பாலியூரித்தேன் என்ற பொருளால் ஆனது. கனமான பையைச் சுமந்து நடந்தாலும் அது எளிதில் நசுங்காது, கால்களைத் தாங்கும். அதனால்தான் தயாரிப்பாளர்கள் அதை விரும்புகிறார்கள். ஆனால், அதில் ஒரு வகையான பாலியூரித்தேனில் எஸ்டர் பிணைப்புகள் உள்ளன. நீர் மூலக்கூறுகள் அந்தப் பிணைப்புகளை மெல்ல மெல்ல உடைக்கின்றன. வேதியியல் பாடத்தில் நாம் படித்த நீராற்பகுப்பு இதுதான். வெப்பமும் ஈரமும் கூடினால் அது வேகமாகும்.

சிங்கப்பூரில் காற்றின் ஈரப்பதம் ஆண்டுச் சராசரியாக 80 விழுக்காட்டுக்கும் மேல். குளிர்காலமோ வறண்ட காலமோ நமக்கு இல்லை. ஐரோப்பாவில் பல ஆண்டுகள் தாங்கக்கூடிய ஒரு நுரை அடுக்கு இங்கே அவ்வளவு காலம் தாங்காமல் போவதில் வியப்பில்லை. மழையில் நனைய வேண்டும் என்பதுகூட இல்லை. காற்றில் உள்ள ஈரமே போதும். பெட்டிக்குள், அதுவும் சற்று ஈரத்தோடு பிளாஸ்டிக் பையில் கட்டி வைத்தால், அந்த ஈரத்துக்கு நாமே ஓர் அறை கட்டிக்கொடுத்ததாகிவிடும்.

கூடாரங்களின் கதையும் இதுவே. கூடாரத் துணியின் உட்புறத்தில் தண்ணீர் புகாமல் இருக்கப் பெரும்பாலும் பாலியூரித்தேன் பூச்சு பூசப்படுகிறது. ஈரத்தோடு மடித்து வைத்தால் அந்தப் பூச்சு பிசுபிசுத்து, துணியோடு துணி ஒட்டிக்கொள்ளும். வாந்தியை நினைவூட்டும் ஒரு புளித்த வாடை வரும். முகாம்களுக்குப் போனவர்கள் அந்த வாடையை மறந்திருக்கமாட்டார்கள். அது அழுக்கின் வாடை என்று நினைத்துத்தான் நாம் துவைக்கப் பார்க்கிறோம். உண்மையில் பூச்சே சிதைந்துகொண்டிருக்கிறது. அந்நிலைக்கு வந்துவிட்டால் எந்தச் சலவையாலும் அதை மீட்க முடியாது.

தலைவிளக்குகளையும் இதோடு சேர்த்துக்கொள்ளலாம். அவற்றுக்குள் மாதக்கணக்கில் விடப்படும் ஆல்கலைன் மின்கலங்கள் கசிந்து, உலோகத் தொடுமுனைகளை அரித்துவிடுகின்றன. இரவில் ஒரு முறைகூட எரியாத விளக்கு, பைக்குள் இருந்தபடியே செத்துப்போகிறது.

ஒரு பொருளறையில் கண்டது

காலணி தந்த பாடத்துக்குப் பிறகு, எங்கள் மாணவர் மன்றத்தின் பொருளறையைச் சரிபார்க்கும் பொறுப்பை நானே கேட்டு வாங்கிக்கொண்டேன். அங்கே 14 கூடாரங்கள் இருந்தன. "எல்லாமே பழசு, தூக்கிப் போட்டுவிட்டுப் புதிதாக வாங்கலாம்" என்பதுதான் மன்றத்தில் பலருடைய கருத்து.

நாங்கள் மூவர் ஒரு சனிக்கிழமை முழுவதும் அவற்றை ஒவ்வொன்றாக விரித்துப் பார்த்தோம். ஆறு கூடாரங்களின் பூச்சு பிசுபிசுத்துவிட்டிருந்தது. அவற்றைக் காப்பாற்ற வழியில்லை. மீதி எட்டில் கோளாறு என்ன தெரியுமா? மூன்றில் கம்பிகளுக்குள் ஓடும் எலாஸ்டிக் கயிறு தளர்ந்திருந்தது. இரண்டில் ஜிப் சரியாக மூடவில்லை. இரண்டில் தையலின் மேல் ஒட்டப்பட்டிருந்த பட்டை உரிந்திருந்தது. ஒன்றில் எந்தக் கோளாறும் இல்லை. அதற்குரிய முளைகளை மட்டும் காணவில்லை.

எலாஸ்டிக் கயிற்றை மீட்டர் கணக்கில் வாங்கலாம். பழையதை உருவிவிட்டுப் புதியதைக் கோக்க ஒரு கூடாரத்துக்கு அரை மணி நேரம் ஆனது. ஜிப் மூடாததற்குப் பெரும்பாலும் பற்கள் காரணமில்லை. அதன் மேல் ஓடும் சிறு உலோகத் துண்டு நாளடைவில் அகன்றுவிடுவதே காரணம். அதன் பக்கங்களைக் குறடால் மெதுவாக அழுத்தினாலே பல நேரம் சரியாகிவிடுகிறது. இல்லாவிட்டால் அந்தத் துண்டை மட்டும் மாற்றலாம். உரிந்த பட்டையைச் சுரண்டி எடுத்துவிட்டு, தையலுக்கென்றே விற்கும் பசையைப் பூசிக் காயவிட்டோம்.

எட்டுக் கூடாரங்களும் இப்போது பயன்பாட்டில் இருக்கின்றன. ஆனால், என் மனத்தில் நிற்பது அந்த எட்டு அல்ல, இழந்த ஆறுதான். அவை பயன்படுத்தித் தேய்ந்தவை அல்ல. ஏதோ ஒரு முகாமின் கடைசி நாள் மழை பெய்திருக்கும். எல்லாரும் களைத்துப்போய் ஈரத்தோடு சுருட்டிப் பையில் திணித்திருப்பார்கள். "அடுத்த வாரம் காயப்போடலாம்" என்று யாரோ சொல்லியிருப்பார்கள். அந்த அடுத்த வாரம் வரவே இல்லை.

நாம் செய்யக்கூடியவை

பராமரிப்பு என்றதும் விலை உயர்ந்த தெளிப்பான்களும் சிறப்பு சோப்புகளும்தான் நினைவுக்கு வருகின்றன. என் அனுபவத்தில் அதில் முக்கால்வாசி, உலர்த்துவதுதான்.

முகாமிலிருந்து வந்த அன்றே கூடாரத்தை விரித்துவிட வேண்டும். வீவக வீட்டில் அதற்கு இடமெங்கே என்று கேட்கலாம். துணி உலர்த்தும் கழியில் பாதியாக மடித்துப் போடலாம். வரவேற்பறையில் இரண்டு நாற்காலிகளுக்கு நடுவே விரித்து மின்விசிறியை ஓடவிடலாம். கடும் வெயிலில் நாள்கணக்கில் விட்டுவிடவும் கூடாது. புற ஊதாக் கதிர்கள் நைலான் துணியை நலிவடையச் செய்யும். நிழலும் காற்றும்தான் வேண்டும்.

காலணியின் உள்தகட்டை வெளியே எடுத்துத் தனியாகக் காயவைக்க வேண்டும். ஈரமான காலணிக்குள் பழைய செய்தித்தாளைக் கசக்கித் திணித்து, சில மணி நேரத்துக்கு ஒரு முறை மாற்றினால் ஈரத்தை அது உறிஞ்சிக்கொள்ளும். முடி உலர்த்தியின் சூட்டை நேரடியாகக் காட்டக்கூடாது. பசை இளகும், தோல் வெடிக்கும். காய்ந்தபின் பிளாஸ்டிக் பையில் கட்டாமல் திறந்த அலமாரியில் வைக்க வேண்டும். வீவக வீடுகளில் கனத்த இரும்புக் கதவோடு இருக்கும் பாதுகாப்பு அறையைத்தான் நம்மில் பலர் பொருளறையாகப் பயன்படுத்துகிறோம். காற்றோட்டம் குறைந்த அந்த அறை இத்தகைய பொருள்களுக்கு ஏற்ற இடமில்லை. வேறு வழியே இல்லை என்றால், சிலிக்கா ஜெல் பொட்டலங்களோ ஈரத்தை உறிஞ்சும் பெட்டியோ வைத்து, அவற்றை அவ்வப்போது மாற்ற வேண்டும்.

மழைச்சட்டையின் மேல் தண்ணீர் முத்துமுத்தாக உருண்டு ஓடாமல் துணியில் ஊறத் தொடங்கினால், சட்டை போய்விட்டது என்று பலர் முடிவுகட்டுகிறார்கள். பெரும்பாலும் அது வியர்வையும் எண்ணெய்ப் பிசுக்கும் படிந்ததன் விளைவு. துணி மென்மையூட்டி சேர்க்காமல், சட்டையில் தைத்திருக்கும் குறிப்பின்படி அலசி, அந்தக் குறிப்பு அனுமதித்தால் மிதமான சூட்டில் உலர்த்தினால், தண்ணீரை விலக்கும் தன்மை ஓரளவு திரும்பிவிடும். துவைத்தால் கெட்டுவிடும் என்று பயந்து துவைக்காமலே வைத்திருப்பதுதான் அதைக் கெடுக்கிறது.

தலைவிளக்கை உள்ளே வைக்கும்போது மின்கலத்தைக் கழற்றிவிடுங்கள். ஏற்கெனவே வெண்மையாகப் பூத்திருந்தால், கையுறை அணிந்துகொண்டு, பஞ்சில் சிறிது வினிகரையோ எலுமிச்சைச் சாற்றையோ தொட்டுத் துடைத்து நன்றாகக் காயவிடலாம்.

இவை எல்லாவற்றையும்விட எளிதான பராமரிப்பு ஒன்று உண்டு. பொருளைப் பயன்படுத்துவது. மாதத்துக்கு ஒரு முறையாவது அந்தக் காலணியை அணிந்து, மெக்ரிச்சி நீர்த்தேக்கத்தையோ ரயில் பாதையாக இருந்து பசுமைப் பாதையாக மாறிய 24 கிலோமீட்டர் வழித்தடத்தில் ஒரு பகுதியையோ நடந்துவிட்டு வந்தால், காலணிக்கும் காற்று கிடைக்கும், குறை ஏதும் இருந்தால் மலை உச்சியில் இல்லாமல் பேருந்து நிறுத்தத்துக்கு அருகிலேயே தெரிந்துவிடும்.

வடிவமைப்பிலேயே தொடங்கும் ஆயுள்

பராமரிப்பு நம் கையில் இருக்கிறது. ஆனால், பழுதுபார்க்கவே முடியாதபடி செய்யப்பட்ட பொருளை எப்படிப் பராமரிப்பது? என் காலணியைப் பழுதுபார்த்தவர் சொன்ன ஒரு வேறுபாடு எனக்குப் புதியது. சில காலணிகளில் மேல்தோலையும் அடிப்பாகத்தையும் இணைக்க ஓரத்தில் ஒரு தோல் பட்டை வைத்துத் தைத்திருப்பார்கள். அடிப்பாகம் தேய்ந்தால் தையலைப் பிரித்துப் புதியது வைக்கலாம். 19ஆம் நூற்றாண்டிலிருந்தே இருக்கும் முறை இது. இன்றைய பெரும்பாலான காலணிகள் பசையால் மட்டும் ஒட்டப்பட்டவை. எடை குறைவு, விலையும் குறைவு. ஆனால் ஒட்டு விட்டாலோ நடு அடுக்கு உதிர்ந்தாலோ, முழுக் காலணியும் குப்பைக்குப் போகிறது.

அதனால், அடுத்த முறை வாங்கும்போது நான் மூன்று கேள்விகள் கேட்கப்போகிறேன். ஒன்று, அடிப்பாகத்தை மாற்ற முடியுமா? இரண்டு, நடு அடுக்கு எதனால் ஆனது? இ.வி.ஏ. எனப்படும் நுரை விரைவில் நசுங்கினாலும் ஈரத்தால் உதிர்வதில்லை. பாலியூரித்தேனிலேயே ஈதர் வகை, எஸ்டர் வகையைவிட ஈரத்தை நன்கு தாங்கும். ஆண்டுக்கு இரண்டு முறை மட்டும் மலையேறும் ஒருவருக்கு எது ஏற்றது என்பது, எதை அதிக நாள் சும்மா வைத்திருக்க முடியும் என்பதைப் பொறுத்தது. மூன்று, உதிரிபாகம் தனியாகக் கிடைக்குமா? முதுகுப்பையில் ஒரே ஒரு பிளாஸ்டிக் கொக்கி உடைந்ததால் முழுப்பையையும் மாற்றியவர்கள் எத்தனை பேர்! அந்தக் கொக்கியைத் தைத்துப் பூட்டாமல், பட்டையிலிருந்து கழற்றி மாற்றும்படி செய்வதற்கு வடிவமைப்பாளர் சற்றே அக்கறை எடுத்துக்கொண்டால் போதும்.

நான்காவதாக ஒரு கோரிக்கையும் இருக்கிறது. உணவுப் பொட்டலத்தில் தேதி இருப்பதுபோல், காலணிப் பெட்டியின் மேல் உற்பத்தித் தேதியைத் தெளிவாக அச்சிட வேண்டும். கடை அலமாரியில் இருக்கும்போதும் நுரைக்கு வயதாகிறது. பாதி விலைக்குக் கிடைக்கிறதே என்று நாம் ஓடிப்போய் வாங்கும் காலணி, எத்தனை ஆண்டுகள் கிடங்கில் இருந்தது என்று தெரிந்துகொள்ளும் உரிமை நமக்கு இருக்க வேண்டும்.

இது நடக்காத காரியமில்லை. பிரான்சில் 2021 முதல் மடிக்கணினி போன்ற சில பொருள்களின் மேல், அவற்றைப் பழுதுபார்ப்பது எவ்வளவு எளிது என்பதைக் காட்டும் மதிப்பெண் இருக்க வேண்டும் என்பது சட்டம். 2023 நவம்பரில், உடையையும் காலணியையும் பழுதுபார்க்கக் கொடுப்பவர்களுக்கு 6 யூரோ முதல் 25 யூரோ வரை கழிவு தரும் திட்டம் அங்கே தொடங்கியது. பட்டகோனியா நிறுவனம் 2011ல், "இந்த மேலங்கியை வாங்காதீர்கள்" என்று தன் பொருளுக்கே எதிராக நியூயார்க் டைம்ஸ் நாளிதழில் விளம்பரம் செய்தது. அதில் வணிக நோக்கமும் இருந்திருக்கலாம். ஆனாலும், தான் விற்ற பொருளைத் தானே பழுதுபார்த்துத் தரும் ஒரு நிறுவனம் தொழிலில் நிலைக்க முடியும் என்பதை அது காட்டியிருக்கிறது.

மறுசுழற்சித் தொட்டி போதாதா?

"கெட்டுப்போனால் மறுசுழற்சித் தொட்டியில் போட்டுவிடலாமே" என்று என் நண்பர்கள் சிலர் சொல்கிறார்கள். மறுசுழற்சிக்கு நான் எதிரி இல்லை. ஆனால், அதை நம்பி வாங்குவதும் எறிவதும் சரியாகாது. சிங்கப்பூரில் பழைய காலணிகளைச் சேகரித்து விளையாட்டுத் தளங்களின் மேற்பரப்பாக மாற்றும் திட்டம் ஒன்று அறிவிக்கப்பட்டது. ராய்ட்டர்ஸ் செய்தி நிறுவனம் 11 இணைக் காலணிகளுக்குள் கண்காணிப்புக் கருவிகளை மறைத்து வைத்து, அந்தத் திட்டத்தின் தொட்டிகளில் போட்டுப் பார்த்தது. 2023ஆம் ஆண்டு பிப்ரவரியில் வெளியான அதன் செய்தியின்படி, அவற்றில் ஓர் இணைகூட விளையாட்டுத் தளமாக மாறவில்லை. பல இணைகள் கடல் கடந்து இந்தோனீசியாவின் பழைய பொருள் சந்தைகள் வரை போயிருந்தன.

தொட்டியில் போட்ட உடனே நம் மனத்தில் ஒரு நிம்மதி வருகிறது. அந்த நிம்மதிதான் அடுத்த இணையை வாங்க வைக்கிறது. நம் நாட்டில் எரிக்கப்படும் குப்பையின் சாம்பல் போய்ச் சேரும் ஒரே இடம் புலாவ் செமாக்காவ். 1999ல் செயல்படத் தொடங்கிய அந்த நிலநிரப்புப் பகுதி 2035 வாக்கில் நிரம்பிவிடும் என்று எதிர்பார்க்கப்படுகிறது. இன்று உயர்நிலை ஒன்றில் படிப்பவர்கள் வேலைக்குப் போய்ச் சில ஆண்டுகள் ஆவதற்குள் அது நடந்துவிடும்.

எதிர்வாதங்களும் நியாயமானவை

பழுதுபார்க்க ஆகும் செலவுக்குப் புதிதாகவே வாங்கலாம் என்பது பொதுவான வாதம். விலை மலிவான பொருள்களுக்கு அது உண்மைதான். என் காலணிக்குப் புதிய அடிப்பாகம் வைத்துத் தர 45 வெள்ளி ஆனது. முப்பது வெள்ளிக்குக் கிடைக்கும் காலணிக்கு யாரும் அதைச் செய்யமாட்டார்கள். ஆனால், 160 வெள்ளிக்கு வாங்கியதற்குச் செய்யலாம். அப்படியென்றால் சற்றுக் கூடுதல் விலை கொடுத்து, திறந்து பழுதுபார்க்கக்கூடியதை வாங்குவதுதான் சிக்கனம். அந்தத் தொகையை முதலிலேயே புரட்ட முடியாத குடும்பங்கள் உண்டு என்பதும் எனக்குத் தெரியும். இரவல் ஏற்பாடுகள் வேண்டும் என்று நான் சொல்வதற்கு அதுவும் ஒரு காரணம்.

நேரமில்லை என்பது அடுத்த வாதம். தேர்வு, பகுதிநேர வேலை, இணைப்பாட நடவடிக்கை என்று ஓடும் மாணவரிடம் கூடாரத்துக்குக் கயிறு கோக்கச் சொல்வது எளிதல்ல. ஆனால், உலர்த்துவதற்கு நேரம் வேண்டியதில்லை. விரித்துப் போடும் ஐந்து நிமிடம் போதும். மற்றதைக் காற்று பார்த்துக்கொள்ளும்.

மூன்றாவது வாதத்தை நான் முழுமையாக ஏற்கிறேன். அது பாதுகாப்பு. பாறை ஏறும் கயிறு, இடுப்புப் பட்டை, தலைக்கவசம், மிதவைச் சட்டை ஆகியவற்றின் ஆயுளை நாமாக நீட்டக் கூடாது. துணியால் ஆன பாதுகாப்புக் கருவிகளுக்குத் தயாரிப்பாளர்கள் ஒரு காலக்கெடு விதிக்கிறார்கள். பயன்படுத்தாமலே இருந்தாலும் 10 ஆண்டுகளுக்குமேல் வைத்திருக்கக் கூடாது என்பது பரவலாகக் காணப்படும் வரம்பு. பலமாக அடிபட்ட தலைக்கவசத்தில் வெளியே கீறல் தெரியாவிட்டாலும் அதை ஒதுக்கிவிட வேண்டும். உயிரைத் தாங்கும் பொருள் வேறு, உடலைத் தாங்கும் பொருள் வேறு. என் காலணியைச் சரிசெய்தவரும் அதைத்தான் சொன்னார். "பசுமைப் பாதையில் நடக்க இது போதும். கனமான பையோடு மலைக்கு வேண்டாம்." அவர் பேச்சை நான் மீறவில்லை.

கையில் ஊசி எடுக்கத் தயங்குவது ஏன்?

இன்னொரு தடையும் இருக்கிறது. அதைப் பற்றி நாம் வெளிப்படையாகப் பேசுவதில்லை. படிக்காவிட்டால் செருப்புத் தைக்கத்தான் போகவேண்டும் என்று பிள்ளைகளை மிரட்டுவதை நம் வீடுகளில் கேட்டிருக்கிறேன். அந்த மிரட்டலில் சாதி இழிவு ஒட்டிக்கொண்டிருக்கிறது. கப்பலேறி வந்து தலைமுறைகள் கடந்தும் அது நம்மை விடவில்லை. ஒரு தொழிலைக் கேவலம் என்று சொல்லி வளர்த்துவிட்டு, பொருளைப் பழுதுபார்த்துப் பயன்படுத்து என்று சொன்னால் யார் கேட்பார்கள்? அந்த ரயில் நிலையத்து முதியவருக்கு நுரையின் வேதியியல் பெயர் தெரியாது. ஆனால், அது எப்போது உதிரும், எந்தப் பசை இந்த வெப்பத்தில் நிற்கும் என்பதெல்லாம் அவர் விரல்களுக்குத் தெரியும். அவருக்குப் பின் அந்த நாற்காலியில் உட்கார யாரும் இல்லை.

பழைய பொருளோடு முகாமுக்குப் போவதில் உள்ள கூச்சமும் இதன் தொடர்ச்சிதான். உயர்நிலை மூன்றில் மாணவர்கள் புலாவ் உபினில் உள்ள அவுட்வர்ட் பவுண்ட் மையத்துக்கு ஐந்து நாள் முகாமுக்குப் போகிறார்கள். கொண்டுவர வேண்டிய பொருள்களின் பட்டியல் வீட்டுக்கு வந்ததும், பெற்றோர் கடைக்குக் கிளம்பிவிடுகிறார்கள். அண்ணனுடைய மழைச்சட்டையும் அக்காவுடைய தலைவிளக்கும் வீட்டிலேயே இருக்கும். ஆனாலும் புதிதாக வாங்குவோம். ஐந்து நாள்களுக்குப் பிறகு அவையும் அதே அலமாரிக்குள் போகும்.

மூன்று சிறு மாற்றங்கள்

பள்ளிகளும் பல்கலைக்கழக மன்றங்களும் மூன்று சிறிய மாற்றங்களைச் செய்யலாம் என்று நினைக்கிறேன்.

முதலாவது, முகாமின் நாள்காட்டியில் உலர்த்தும் நாளையும் சேர்ப்பது. மூன்று நாள் முகாம் என்றால் நான்காவது நாளில் இரண்டு மணி நேரம், பொருள்களை விரித்து, எண்ணி, காயவைத்து, பழுதைக் குறித்துவைக்க ஒதுக்கப்பட வேண்டும். அதுவும் முகாமின் ஒரு பகுதி. சான்றிதழ் அதன் பிறகே கொடுக்கப்படட்டும்.

இரண்டாவது, ஒவ்வொரு கூடாரத்துக்கும் பைக்கும் ஓர் எண்ணும் ஒரு சிறு பதிவேடும். எப்போது வாங்கியது, எப்போது பயன்பட்டது, யார் உலர்த்தியது, என்ன பழுது. எங்கள் மன்றத்தில் இதைத் தொடங்கிய பிறகு, "யாரோ பார்த்துக்கொள்வார்கள்" என்ற பேச்சு குறைந்திருக்கிறது.

மூன்றாவது, பள்ளியிலேயே ஓர் இரவல் அலமாரி. முகாமை முடித்த மாணவர்கள் அளவு போதாமல் போன காலணியையும் மழைச்சட்டையையும் அங்கே கொடுக்கலாம். அடுத்த ஆண்டு மாணவர்கள் எடுத்துக்கொள்ளலாம். வசதி குறைந்த மாணவர் மட்டும் எடுப்பது என்று இல்லாமல், எல்லாரும் முதலில் அங்கே பார்த்துவிட்டுத்தான் கடைக்குப் போக வேண்டும் என்பது வழக்கமானால், கூச்சத்துக்கு இடமிருக்காது. கொடுப்பதற்கு முன் அடிப்பாகத்தை அழுத்திப் பார்க்கும் பொறுப்பு மூத்த மாணவர்களுக்கு.

தோழியின் மணிக்கட்டு சரியாக மூன்று வாரம் ஆனது. அவள் என்னிடம் கோபப்படவில்லை. அடுத்த பயணத்துக்கு முன் எல்லாருடைய காலணிகளையும் தான்தான் சோதிக்கப்போவதாக மட்டும் அறிவித்துவிட்டாள். சோதித்தாள். ஏழு பேரில் இன்னும் இருவருடைய காலணிகள் அவள் கட்டைவிரலுக்குக் கீழே உதிர்ந்தன. இருவரும் அவற்றை அதிகம் அணிந்ததில்லை.

விடுமுறை முகாம்களுக்கு இன்னும் சில வாரங்கள் இருக்கின்றன. இன்று மாலையே உங்கள் அலமாரியைத் திறந்து, அந்தப் பெட்டியை வெளியே எடுங்கள். காலணியின் நடு அடுக்கைக் கட்டைவிரலால் அழுத்துங்கள். இரு கைகளாலும் வளைத்துப் பாருங்கள். விரிசல் தெரிந்தால், பழுதுபார்ப்பவரிடம் கொண்டுபோக இன்னும் நேரம் இருக்கிறது. உறுதியாக இருந்தால், மறுபடியும் பெட்டிக்குள் வைக்காதீர்கள். அணிந்துகொண்டு கீழே இறங்கி ஒரு சுற்று நடந்துவிட்டு வாருங்கள்.